ஒப்புக்கொண்ட பாக்கிக்கு எதற்கு வழக்கு?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

அரசு வேலையைச் செய்து முடித்துவிட்டுப் பணம் வராத ஒப்பந்ததாரர்கள் உயர் நீதிமன்றத்தை நாடினார்கள் என்ற செய்தி தங்கள் நாளிதழின் உள்பக்கத்தில் அவ்வப்போது நான்கு வரியில் வந்து போகிறது. அதைப் படிக்கிறவர்களுக்கு எங்கள் மேல் பெரிய இரக்கம் எதுவும் பிறக்காது என்பது எனக்குத் தெரியும். காண்ட்ராக்டர் என்றாலே வெள்ளைச் சட்டை, வெள்ளைக் கார், கமிஷன் என்று ஒரு சித்திரம் பதிந்துபோயிருக்கிறது; அதில் உண்மையே இல்லை என்று சாதிக்க நான் வரவில்லை. ஆனால் கோபிசெட்டிபாளையம் சுற்றுவட்டாரத்தில் இருபத்து மூன்று ஆண்டுகளாகச் சாக்கடை, சிறுபாலம், அங்கன்வாடிக் கட்டடம், தார்ச்சாலை ஒட்டுவேலை என்று இருபது லட்சத்துக்குள் அடங்கும் வேலைகளை எடுத்துச் செய்துவரும் என்னைப் போன்றவர்கள் எதற்காக நீதிமன்றப் படி ஏறுகிறோம், ஏறினால் அங்கே என்ன கிடைக்கிறது என்பதை எனக்கு நேர்ந்ததை வைத்தே சொல்ல விரும்புகிறேன். வழக்கு இன்னும் நிலுவையில் இருப்பதால் அலுவலகத்தின் பெயரையும் ஊரின் பெயரையும் குறிப்பிடவில்லை.

2018-ஆம் ஆண்டின் கடைசியில், ஒரு வலசுக்கு (குக்கிராமத்துக்கு)ப் போகும் சாலையில் பள்ளத்தின் குறுக்கே இருந்த பழைய குழாய்ப் பாலம் மழையில் அடித்துக்கொண்டு போய்விட்டதால், அந்த இடத்தில் கான்கிரீட் சிறுபாலம் கட்டும் வேலை எனக்குக் கிடைத்தது. ஒப்பந்தப்புள்ளி முறையாகத் திறக்கப்பட்டது. குறைந்த விலை என்னுடையது. வேலை உத்தரவு கையெழுத்தாகி வந்தது. மதிப்பு 14 லட்சத்து 60 ஆயிரம் ரூபாய். அஸ்திவாரம் முடிந்ததும் ஒரு பகுதிப் பட்டியலுக்கு, அதாவது பில்லுக்கு, பணம் வந்தது. அதை வைத்துத்தான் கம்பி எடுத்தேன். 2019 பிப்ரவரியில் வேலை முடிந்தது. மார்ச் முதல் வாரத்தில் ஓவர்சியர் வந்து அளந்தார். டேப்பின் ஒரு முனையை அவர் பிடிக்க, மறுமுனையை என் மேஸ்திரி பிடிக்க, நீளம், அகலம், உயரம் என்று ஒவ்வொன்றாகச் சொல்லி, பாலத்தின் கைப்பிடிச் சுவர்மேலேயே எம்-புக் எனப்படும் அளவுப் புத்தகத்தை விரித்து வைத்துப் பேனாவால் எழுதினார். இரண்டு நாள் கழித்து உதவிப் பொறியாளர் வந்து சரிபார்ப்பு அளவீடு எடுத்துக் கையெழுத்துப் போட்டார். ஒரு அளவில் நான்கு அங்குலம் எனக்குச் சாதகமாக இருந்தது என்று அடித்துத் திருத்தி, திருத்திய இடத்தில் சுருக்கக் கையெழுத்தும் போட்டார். அவ்வளவு கறாராக அளந்த கணக்கு அது. அதன்படி எனக்கு வர வேண்டிய பாக்கி 6 லட்சத்து 70 ஆயிரம்.

மார்ச் 10-ஆம் தேதி மக்களவைத் தேர்தல் அறிவிப்பு வந்தது. நடத்தை விதி முடியட்டும் என்றார்கள், முடிந்தது. நிதி வரட்டும் என்றார்கள். இந்தப் பக்கத்து வாசகர்களுக்கு ஒன்றை நினைவுபடுத்த வேண்டும்: 2016 அக்டோபர் முதல் ஊராட்சிகளில் தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம் இல்லாமல் தனி அலுவலர்கள்தான் நிர்வாகம் நடத்தினார்கள். என் வேலை அவர்கள் காலத்தில் கொடுக்கப்பட்டது. 2019 டிசம்பரில் உள்ளாட்சித் தேர்தல் நடந்து, 2020 ஜனவரியில் புதியவர்கள் பொறுப்பேற்றதும், போய்ப் பார்த்தேன். “அது எங்க காலத்து வேலையில்லைங்களே” என்று சிரித்துக்கொண்டே சொன்னார்கள். தவறாகச் சொன்னதாக அவர்களுக்கே தோன்றவில்லை. அலுவலகத்தில் கேட்டால், “அண்ணா, உங்க பில்லு பாஸாகித்தான் இருக்குதுங்க, ஃபண்டு ஒன்னுதான் வரோணும்” என்பார் உதவிப் பொறியாளர். அவரும் மாறிப் போனார். அவருக்கு அடுத்து வந்தவரும் அதையேதான் சொன்னார். யாரும் ஒருநாளும், ‘நீ வேலை செய்யவில்லை’ என்றோ ‘அளவு தப்பு’ என்றோ சொன்னதில்லை. பின்னர் கொரோனா வந்தது. இப்போது 2025 ஜனவரி 5-ஆம் தேதியோடு அந்த மன்றங்களின் காலமும் முடிந்து, மறுபடி தனி அலுவலர்கள் வந்துவிட்டார்கள். பாலம் மட்டும் அதே இடத்தில் இருக்கிறது. காலையில் ஆவின் பால் வண்டியும் பள்ளிக்கூட வேனும், தை, மாசியில் கரும்பு லாரியும் அதன்மேல்தான் போகின்றன.

இந்த இடத்தில்தான் எங்களில் பெரும்பாலோர் விழும் குழி இருக்கிறது. செய்த வேலைக்கான பணத்தைக் கேட்டு வழக்குப் போட, 1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் மூன்றே ஆண்டுகள்தான் தருகிறது. வக்கீல்கள் ‘லிமிடேஷன்’ என்று சொல்லும் அந்த மூன்றாண்டு, நாம் மனுக் கொடுத்துக்கொண்டிருக்கிறோம் என்பதற்காக நிற்காது. திங்கட்கிழமை தோறும் மாவட்ட ஆட்சியர் அலுவலகக் குறைதீர் கூட்டத்தில் கொடுத்த மனுக்களுக்கான பதினேழு ரசீதுகளை நான் நூல் போட்டுக் கட்டி வைத்திருந்தேன். வக்கீலிடம் பெருமையாகக் கொடுத்தேன். அவர் கட்டை அவிழ்க்கவே இல்லை. “இதெல்லாம் நீங்க கேட்டதுங்க. அவங்க தர்றேன்னு எழுதினது ஏதாச்சும் இருக்குதுங்களா?” என்று கேட்டார். கடன்பட்டவர், கெடு முடிவதற்குள், ஆமாம் பாக்கி இருக்கிறது என்று எழுதிக் கையெழுத்திட்டால், அந்தத் தேதியிலிருந்து புதிதாக மூன்றாண்டு ஓடத் தொடங்கும் என்று அந்தச் சட்டத்தின் 18-ஆவது பிரிவு சொல்கிறது. இப்போது தர முடியாது, தரும் காலம் வரவில்லை என்று எழுதியிருந்தால்கூடப் பரவாயில்லை. பாக்கியை ஒப்புக்கொண்டிருந்தால் போதும். ஆனால் எந்த அலுவலகத்தில் அப்படி எழுதித் தருகிறார்கள்? வாயால் ஆயிரம் தடவை சொல்வார்கள். ஒரு வரி எழுதச் சொன்னால் பேனா எடுக்க மாட்டார்கள். பவானிப் பக்கம் எனக்கு மூத்த ஒப்பந்ததாரர் ஒருவர், 2016-இல் முடித்த குடிநீர்க் குழாய் வேலைக்கு, அதிகாரிகளின் வாய்ச்சொல்லை நம்பிக்கொண்டே 2019-ஐக் கடத்திவிட்டார். கொரோனாவை முன்னிட்டு 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான காலத்தைக் கணக்கிலிருந்து நீக்க உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டதே, அதுகூட அவருக்கு உதவவில்லை. அவருடைய கெடு அதற்கு முன்பே முடிந்துபோயிருந்தது. இன்றைக்கு அவர் வழக்கே போட முடியாது.

நான் முதலில் போட்டது ரிட் மனு, அதாவது அரசு அலுவலகத்துக்கு உத்தரவிடும்படி நேராக உயர் நீதிமன்றத்தையே கேட்கும் மனு. அரசோடு செய்துகொண்ட ஒப்பந்தத்தில் தகராறு என்றால் சிவில் நீதிமன்றத்துக்கோ நடுவர் மன்றத்துக்கோ போக வேண்டுமே தவிர, அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்துக்கு வரக் கூடாது என்பதுதான் பொதுவான நிலை. கேரள மின்வாரிய வழக்கு ஒன்றில் 2000-ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் அப்படிச் சொல்லியிருக்கிறது. ஆயினும், அரசு என்பது தனியாள் அல்ல என்பதால், தகுந்த வழக்குகளில் ரிட் மனுவை ஏற்கலாம் என்று 2003-இன் கடைசியில் ஏபிஎல் இன்டர்நேஷனல் வழக்கிலும், தொகையில் தகராறே இல்லாதபோது ஒப்பந்ததாரரைத் திருப்பி அனுப்பத் தேவையில்லை என்று 2019-இல் உத்தரப் பிரதேச ஒப்பந்ததாரர் ஒருவரின் வழக்கிலும் அதே நீதிமன்றம் சொன்னது. என் பாக்கியில் தகராறு இல்லையே என்ற நம்பிக்கையில், 2021 செப்டம்பரில் ஏற்காடு எக்ஸ்பிரஸில் சென்னைக்குப் போனேன். (கோவை, ஈரோடு, திருப்பூர், நாமக்கல்காரர்களுக்குச் சென்னை; கரூர்காரர்களுக்கு மட்டும் மதுரைக் கிளை. ஆறரை லட்சத்துக்காக ஒரு ராத்திரி ரயிலும் ஒரு பகல் வராந்தாவும் என்று எத்தனை தடவை போக முடியும் என்பது தனிக் கதை.) என் மனு மூன்றாவது முறை எடுத்துக்கொள்ளப்பட்ட அன்று ஐந்து நிமிடத்தில் முடிந்தது. மனுதாரரின் கோரிக்கையை எட்டு வாரத்துக்குள் பரிசீலித்துத் தக்க உத்தரவு பிறப்பிக்க வேண்டும் என்று தீர்ப்பு.

‘பரிசீலி’ என்ற உத்தரவைப் பற்றி நீதித்துறைக்கே மனக்குறை உண்டு என்பதைப் பின்னால் தெரிந்துகொண்டேன். தமிழ்நாட்டிலிருந்து போன ஓர் ஊழியரின் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம், இப்படிப் பரிசீலிக்கச் சொல்லி அனுப்பிவைப்பது எவருக்கும் தீங்கில்லாத உத்தரவுபோலத் தோன்றினாலும், அதைப் பிடித்துக்கொண்டு காலம் கடந்த கோரிக்கைகளுக்கு மறுபடி உயிர் கொடுக்கப் பார்க்கிறார்கள் என்று எச்சரித்தது. எங்கள் பக்கத்திலிருந்து பார்த்தால் குறை வேறு. கொடு என்று சொல்லாமல் பரிசீலி என்று சொன்னால், பரிசீலித்து, இல்லை என்று சொன்னாலும் உத்தரவை மதித்ததாகவே ஆகிவிடும். அவமதிப்பு வழக்குப் போடவும் இடமில்லை.

எனக்கு 2022 ஜனவரியில் பதில் வந்தது. மூன்று வரி. மனுதாரர் மேற்கொண்ட பணி அளவுப் புத்தகத்தில் பதிவு செய்யப்பட்டுள்ளது என்றும், நிலுவைத் தொகை நிதி வரப்பெற்றவுடன் முன்னுரிமை அடிப்படையில் வழங்கப்படும் என்றும், மனு இவ்வாறாக முடிவு செய்யப்படுகிறது என்றும் எழுதி, முத்திரை குத்தி, தேதி போட்டுக் கையெழுத்திட்டிருந்தார்கள். எனக்கு வயிறு எரிந்தது. இத்தனை செலவு செய்து, அலுவலகத்தில் தினம் கேட்ட பேச்சையே தபாலில் வாங்கியிருக்கிறேனே என்று அந்தக் காகிதத்தைக் கசக்கப் போனேன். வக்கீல்தான் கையிலிருந்து வாங்கி, நீவி, பிளாஸ்டிக் உறைக்குள் போட்டார். “ரிட்டுல நீங்க தோக்கலைங்க. இந்த மூணு வரிதான் இனி உங்க சொத்து” என்றார். பாக்கியை ஒப்புக்கொண்டு, கெடுவுக்குள், கையெழுத்தோடு வந்த காகிதம் அது. ஓர் எழுத்தர் பத்து நிமிடத்தில் தட்டச்சு செய்யக்கூடிய அந்த மூன்று வரியைப் பெற எனக்கு இரண்டே முக்கால் ஆண்டும் ஓர் உயர் நீதிமன்ற உத்தரவும் தேவைப்பட்டன.

பிறகுதான் பணத்துக்கான வழக்கு. அரசையும் ஒரு தரப்பாகச் சேர்க்க வேண்டியிருந்ததால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆவது பிரிவின்படி இரண்டு மாத முன்னறிவிப்பு கொடுத்தோம். அரசு தன் தவறைத் தானே திருத்திக்கொள்ள ஒரு வாய்ப்பு என்பதற்காக அந்த இரண்டு மாதத்தைச் சட்டம் வைத்திருக்கிறது. எனக்குத் தெரிந்த எந்த ஒப்பந்ததாரருக்கும் அந்த இரண்டு மாதத்தில் பதில் வந்ததில்லை. கட்டுமான ஒப்பந்தம் வணிகத் தகராறு என்பதாலும், வணிக நீதிமன்றச் சட்டத்தின் வரம்பு 2018-இல் ஒரு கோடியிலிருந்து 3 லட்சமாகக் குறைக்கப்பட்டதாலும், வழக்குக்கு முன் கட்டாய மத்தியஸ்தத்துக்குப் போக வேண்டும் என்றார்கள். போனேன், எதிர்த்தரப்பிலிருந்து யாரும் வரவில்லை. வராவிட்டால் வராததாக ஒரு அறிக்கை தருகிறார்கள், அதை வைத்துக்கொண்டு வழக்குப் போடலாம். நீதிமன்றக் கட்டணம் 2017-இல் ஏழரை சதவீதத்திலிருந்து மூன்றாகக் குறைந்தது பெரிய உபகாரம் என்பதை நன்றியோடு சொல்ல வேண்டும். வட்டியோடு நான் கேட்ட 9 லட்சத்துக்கு 27 ஆயிரம் கட்டினேன், பழைய விகிதம் என்றால் 67 ஆயிரத்து 500 ஆகியிருக்கும். 2023-இல் வழக்குக்கு எண் கிடைத்தது. வகாலத்துப் போட வாய்தா, ஆவணம் வரவில்லை என்று வாய்தா எனப் போய், ஒருவழியாக எதிருரை வந்தது. வேலை நடந்ததை மறுக்கவில்லை. அளவை மறுக்கவில்லை. தொகையையும் மறுக்கவில்லை. ‘வாதி மூன்றாண்டுக்குள் வராமல் காலம் கடந்து வந்திருப்பதால் வழக்கு தள்ளுபடி செய்யத் தக்கது’ என்று எழுதியிருந்தார்கள். நிதி வரட்டும், பொறு என்று சொன்ன அதே அலுவலகம்தான் ஏன் பொறுத்தாய் என்று கேட்கிறது. பிளாஸ்டிக் உறைக்குள் இருக்கும் மூன்று வரி இல்லையென்றால் அந்த வாதம் ஜெயித்தும் இருக்கும்.

ஜெயித்தால் உடனே பணம் என்றும் நினைத்துவிடக் கூடாது. அரசுக்கு எதிரான தீர்ப்பை, மூன்று மாதம் கழிந்த பின்பே நிறைவேற்றக் கேட்க முடியும் என்று 82-ஆவது பிரிவு சொல்கிறது. அதற்கப்புறம் மேல்முறையீடு. இழப்பீடு தராத அரசு அலுவலகத்தின் ஜீப்பையும் நாற்காலியையும் ஜப்தி செய்ய அமீனா வந்து நின்றார் என்று தங்கள் நாளிதழில் படம் வரும்போது எல்லோருக்கும் வேடிக்கையாக இருக்கிறது. அந்தப் படத்துக்குப் பின்னால் இப்படிப் பத்துப் பதினைந்து ஆண்டு இருக்கும்.

தனியார் கடனுக்குச் சட்டம் எவ்வளவு கறாராக இருக்கிறது என்பதையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கத் தோன்றுகிறது. குறு, சிறு நிறுவனங்களிடம் சரக்கு வாங்கியவர், எழுத்தில் ஒப்பந்தம் இருந்தாலும் 45 நாளுக்குள், இல்லாவிட்டால் 15 நாளுக்குள் பணம் தர வேண்டும். தவறினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப்போல் மூன்று மடங்கு வட்டி, அதுவும் மாதாமாதம் கூட்டு வட்டி என்று 2006-ஆம் ஆண்டின் சட்டம் சொல்கிறது. அந்தச் சட்டத்தின்கீழ் முறையிடக் கோவையிலேயே வசதியாக்கக் கவுன்சில் இருக்கிறது. போதாக்குறைக்கு, 2024 ஏப்ரல் முதல் நடைமுறைக்கு வந்த வருமான வரித் திருத்தத்தின்படி, அந்தக் கெடுவுக்குள் கொடுக்காத தொகையை அந்த ஆண்டின் செலவாகக் காட்ட முடியாது. அந்த ஆண்டு மார்ச் மாதம் திருப்பூரிலும் ஈரோட்டிலும் நூல் வியாபாரிகளும் துணி வியாபாரிகளும் ஆடிட்டர் வாசலில் நின்ற நிற்பு எல்லோருக்கும் நினைவிருக்கும். நல்ல சட்டம்தான், குறை சொல்லவில்லை. ஆனால் வருமான வரியே கட்டாத அரசு அலுவலகத்தை அந்தத் திருத்தம் தொடவே தொடாது. 2006-ஆம் ஆண்டின் சட்டமோ, கட்டுமான ஒப்பந்தங்களுக்குப் பொருந்தாது என்று மும்பை உயர் நீதிமன்றம் உள்ளிட்ட சில உயர் நீதிமன்றங்கள் சொல்லிவிட்டன. பொருள் மட்டும் கொடுத்தவர் உள்ளே போகலாம், பொருளையும் ஆளையும் போட்டுப் பாலம் கட்டியவருக்கு வாசலிலேயே கேள்வி. என்னுடைய ஒப்பந்தப் படிவத்தில் இன்னொரு வரியும் உண்டு: பணம் தரத் தாமதமானால் ஒப்பந்ததாரர் வட்டி கோரக் கூடாது. அதே சமயம், இன்வாய்ஸ் போட்டதும் நான் கட்ட வேண்டிய ஜிஎஸ்டி தாமதமானால் எனக்கு ஆண்டுக்கு 18 சதவீதம் வட்டி. அரசு வேலைகளுக்கான அந்த வரியே 2022 ஜூலை 18 முதல் 12-லிருந்து 18 சதவீதமாக ஏறியும்விட்டது. அரசுக்கு நான் தர வேண்டியது ஒருநாள் தள்ளினால் வட்டி. அரசு எனக்குத் தர வேண்டியது ஆறாண்டு தள்ளினாலும் அசல் மட்டும்.

எங்கள் தரப்புக் குறைகளையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். மதிப்பீட்டுக்கு மிகக் கீழே போட்டு வேலையைப் பிடித்துவிட்டு, பிறகு சிமெண்டில் கைவைக்கிறவர்கள் எங்களுக்குள் இருக்கிறார்கள்; அவர்களுடைய பட்டியலை நிறுத்திவைத்தால் நான் அதிகாரி பக்கம்தான் நிற்பேன். காகிதம் இல்லாமல் வேலை செய்யும் கெட்ட பழக்கம் எங்கள் எல்லோருக்குமே உண்டு. என் பாலத்திலேயே, மழைக்கு முன் பக்கச் சுவரைக் கொஞ்சம் நீட்டிவிடுங்கள், பின்னால் திருத்திய மதிப்பீட்டில் சேர்த்துக்கொள்ளலாம் என்று வாயால் சொன்னதைக் கேட்டு, எண்பதாயிரம் ரூபாய்க்கு வேலை செய்தேன். அது எம்-புக்கில் ஏறவே இல்லை. முறையான ஒப்பந்தம் இல்லாவிட்டாலும், இனாமாகச் செய்யாத வேலையின் பலனை அரசு அனுபவித்தால் ஈடு தர வேண்டும் என்பதற்கு, ஒப்பந்தச் சட்டத்தின் 70-ஆவது பிரிவை வைத்து உச்ச நீதிமன்றம் அறுபது ஆண்டுகளுக்கு முன்பே வழி சொல்லியிருக்கிறது. 1944-இல் வங்காளத்தின் ஆரம்பாக்கில் அதிகாரிகள் கேட்டதன்பேரில் கிடங்கு கட்டிக்கொடுத்த மண்டல் நிறுவனம் ஜெயித்த வழக்கு அது. ஆனாலும் அந்த எண்பதாயிரத்தை நான் வழக்கில் சேர்க்கவில்லை. எழுத்தில் இல்லாததைச் செய்தது என் தப்பு. ஒப்புக்கொண்ட பணத்தோடு அதையும் கலந்தால் ஒப்புக்கொண்டதும் தகராறாகிவிடும் என்று வக்கீலும் சொன்னார்.

பணம் நின்றுபோனால் யார் தலையில் விடிகிறது என்பதையும் ஊரார் யோசிக்க வேண்டும். சித்தாளுக்கும் கொத்தனாருக்கும் சனிக்கிழமை சாயங்காலம் கூலி கொடுத்தாக வேண்டும். அதில் ஒரு வாரம்கூட நான் தவறியதில்லை, தவறினால் திங்கட்கிழமை ஆள் வராது. தாமதத்தைத் தாங்கியவர்கள் ஜல்லி கொடுத்த கிரஷர்காரரும், சென்ட்ரிங் பலகை வாடகைக்குக் கொடுத்தவரும், ஹிட்டாச்சிக்காரரும்தான். கிரஷர்காரருக்கு இரண்டு லட்சம் நின்றது. அவர் ஒருநாளும் வாய்விட்டுக் கேட்கவில்லை. ஆனால் என் டிப்பர் போனால் மற்ற வண்டிகளுக்கெல்லாம் லோடு போட்ட பிறகுதான் அதற்குப் போடுவார்கள். கொடுக்கல் வாங்கலில் நாணயம் என்ற ஒன்றை வைத்துத்தான் இந்தப் பக்கத்தில் மஞ்சள் மண்டியிலிருந்து விசைத்தறி வரை எல்லாம் ஓடுகிறது. அந்த வரிசையில் கடைசியாக நிற்பதன் அவமானம் வட்டியை விடப் பெரியது. கடைசியில் வீட்டு நகையை வங்கியில் வைத்துத்தான் அவர் கணக்கைத் தீர்த்தேன். இந்த அனுபவத்துக்குப் பிறகு நான் போடும் எந்த ஒப்பந்தப்புள்ளியிலும் தாமதத்துக்கென்று ஒரு தொகையை மனசுக்குள் கூட்டித்தான் விலை எழுதுகிறேன், மற்றவர்களும் அப்படியே. அது மக்கள் வரிப்பணத்திலிருந்துதான் போகிறது. செல்வாக்கு உள்ளவர் மட்டும் பணத்தை முன்னால் வாங்கிக்கொண்டு குறைந்த விலையும் போடுகிறார். வழக்குப் போட்டவனை அடுத்த ஒப்பந்தப்புள்ளி திறக்கும்போது எப்படிப் பார்ப்பார்கள் என்பதை நான் எழுத வேண்டியதில்லை.

அண்டை மாநிலத்தில் நடந்ததையும் பார்க்கலாம். ஆந்திரத்தில் 2018-19-ஆம் ஆண்டில் நூறு நாள் வேலைத் திட்டத்தில் செய்த பணிகளுக்கான பட்டியல்கள், ஆட்சி மாறியதும் நின்றுபோயின. ஏராளமான ரிட் மனுக்கள் குவிந்து, 2021 அக்டோபரில் அந்த மாநில உயர் நீதிமன்றம் 12 சதவீத வட்டியோடு கொடுக்கச் சொன்னது. கொடுக்க வேண்டிய அசலை உரிய காலத்தில் கொடுக்காததால்தான் அந்த வட்டி அரசின் தலையில் விழுந்தது. மத்திய அரசு 2023-இல் ஒப்பந்தத் தகராறுகளுக்கென்று ஒரு சமரசத் திட்டம் கொண்டுவந்து, நீதிமன்றத் தீர்ப்பு பெற்றவருக்கு அதிகபட்சம் 85 சதவீதம், நடுவர் தீர்ப்பு பெற்றவருக்கு 65 சதவீதம் தந்து வழக்கை முடிக்கிறோம் என்றது. மேல்முறையீட்டில் இழுபடும் தகராறுகளுக்கு அது பொருத்தமாக இருக்கலாம். தகராறே இல்லாத பாக்கிக்கு அப்படியொரு திட்டத்தை நம் மாநிலத்திலும் கொண்டுவரலாம் என்று சங்கக் கூட்டத்தில் சிலர் சொன்னபோது நான் எழுந்து மறுத்தேன். என் பணத்தில் நூற்றுக்குப் பதினைந்து ரூபாயை நான் ஏன் விட்டுக்கொடுக்க வேண்டும்?

நிதி இல்லை என்பது பல அலுவலகங்களில் உண்மையாகவே இருக்கலாம் என்பதை ஏற்கிறேன். இல்லாத நிதியை நாளைக்கே கொண்டுவா என்று நான் கேட்கவில்லை. சரிபார்ப்பு அளவீடு முடிந்து பட்டியல் தயாரான முப்பது நாளுக்குள், இன்ன வேலைக்கு இன்னாருக்கு இவ்வளவு தொகை பாக்கி என்று எழுதி, தேதி போட்டு, கையெழுத்திட்டு ஒரு தாள் கொடுக்கும்படி ஊரக வளர்ச்சித் துறையும் நகராட்சி நிர்வாகத் துறையும் உத்தரவிட்டால் போதும். பணம் தரும் நாள் வரை ஆண்டுக்கு ஒருமுறை அந்தத் தாளைப் புதுப்பித்துத் தரட்டும். இதற்குப் புதுச் சட்டம் தேவையில்லை, பைசா செலவும் இல்லை. அந்தத் தாள் கையில் இருந்தால் கெடு ஓடிவிடும் என்ற பயத்தில் யாரும் நீதிமன்றத்துக்கு ஓட மாட்டார்கள். போனாலும் உயர் நீதிமன்றம் பரிசீலி என்று சொல்லாமல் கொடு என்று சொல்ல இடம் இருக்கும். கிரஷர்காரரிடமும் வங்கி மேலாளரிடமும் காட்ட ஏதோ ஒன்று இருக்கும். அதோடு, பாக்கிகளைத் தேதி வரிசைப்படி அலுவலகத் தகவல் பலகையில் ஒட்டி, நிதி வரும்போது அந்த வரிசைப்படியே கொடுத்தால், எனக்குப் பின்னால் வேலை முடித்தவர் எனக்கு முன்னால் காசோலை வாங்கிப் போவதை நான் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியிருக்காது. அப்படித் தாள் கொடுக்க அதிகாரிகள் ஏன் தயங்குவார்கள் என்பதும் எனக்குத் தெரியும்: எழுதினால் பொறுப்பு வந்துவிடும். எம்-புக்கில் கையெழுத்துப் போட்டபோதே அந்தப் பொறுப்பு வந்துவிட்டது என்பது என் தாழ்மையான கருத்து.

அப்படியோர் உத்தரவு வரும் வரை, என்னைப் போன்ற சிறு ஒப்பந்ததாரர்களுக்கு ஒன்று சொல்ல விரும்புகிறேன். மனுக்களை எண்ணிக்கொண்டிருக்காதீர்கள். வேலை முடிந்த தேதியிலிருந்து மூன்றாண்டுக் கெடுவை வீட்டு நாட்காட்டியில் குறித்து வையுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ், பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி, உங்கள் வேலைக்கான எம்-புக் பக்கங்களின் சான்றிட்ட நகலையும் பட்டியல் எந்த நிலையில் இருக்கிறது என்பதற்கான பதிலையும் இப்போதே கேட்டு வாங்குங்கள். முப்பது நாளுக்குள் எழுத்தில் பதில் தந்தாக வேண்டும், அதில் பொதுத் தகவல் அலுவலரின் கையெழுத்தும் இருக்கும். அந்தப் பதில் பாக்கியை ஒப்புக்கொண்டதாக ஆகுமா என்பதை அதன் வாசகத்தைப் பார்த்து வக்கீல்தான் சொல்ல வேண்டும். ஆனால் அளவு இன்னது என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி கிடையாது. நான் அப்படி வாங்கிய நகலில், உதவிப் பொறியாளர் நான்கு அங்குலத்தை அடித்துத் திருத்திச் சுருக்கக் கையெழுத்துப் போட்ட இடம் தெளிவாக விழுந்திருக்கிறது. அதை வழக்கில் மூன்றாவது ஆவணமாகத் தாக்கல் செய்திருக்கிறோம்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
ஒரு சிறு ஒப்பந்ததாரர்,
கோபிசெட்டிபாளையம் வட்டம், ஈரோடு மாவட்டம்.